தாழ்ப்பாள் போட வேணாம்

மார்ச் 4, செவ்வாய்

இன்றைக்கும் கீழ்வீட்டில் போய் நாற்காலி கேட்க வேண்டியதாயிற்று. கீழ்வீட்டு மெக்கானிக் சொல்கிறான், "பேசாம டிக்கெட் போட்டுடுங்க பாட்டி, நாற்காலி நானே சப்ளை பண்றேன்." இளிப்பு வேறு. அந்த நாற்காலியாலேயே ஒன்று போட்டிருப்பேன். தேவை நமக்கு. வாயை மூடிக்கொண்டு தூக்கி வந்தேன்.

பேத்தி வேலை பார்த்த கட்டடம் விழுந்து ஒரு மாதத்துக்கு மேல் ஆகிறது. அவளைப் பார்க்க வருகிற கூட்டம் குறைந்தபாடில்லை. மூன்றாம் மாடியில் போனில் புகார் கேட்கிற வேலை பார்த்த பெண்களில் உயிரோடு வெளியே வந்தவள் இவள் ஒருத்திதான். இரண்டு நாள் இடிபாட்டுக்குள் கிடந்தாள். இடது கையில் கட்டு, நெற்றியில் தையல், அவ்வளவுதான். அதற்காக ஆளாளுக்கு வந்து தொட்டுப் பார்க்கிறார்கள், சந்தையில் காயை அமுக்கிப் பார்க்கிற மாதிரி. "அதிசயம்மா நீ" என்று ஒருத்தி கன்னத்தைக் கிள்ளினாள். யாரென்றே எங்களுக்குத் தெரியாது. டீ குடித்துவிட்டுப் போனாள். சர்க்கரை பத்தாதாம்.

எல்லாம் மொட்டை மாடியில். இவள் கூரைக்குக் கீழே வர மாட்டேன் என்கிறாள். துணிக்கொடிக்குப் பக்கத்தில் கட்டில், வெயிலுக்குக் குடை. அவள் அம்மாவும் அங்கேயே படுக்கிறாள். என் முழங்கால் ஒவ்வொரு படியிலும் என்னை ஏசுகிறது.

மார்ச் 5, புதன்

இந்த டைரியைப் பற்றி ஒரு வார்த்தை. புது வருஷத்துக்கு இவள் கம்பெனி கொடுத்தது. தங்க எழுத்தில் பேர். இவள் அதைப் பார்த்ததும் குப்பையில் போட்டாள். நான் எடுத்துவிட்டேன். தாள் நல்ல தாள், அது என்ன பாவம் செய்தது? பக்கத்துக்குப் பக்கம் மேலே ஒரு உபதேசம் அச்சடித்திருக்கிறான். இன்றைய உபதேசம்: "உங்கள் புன்னகை குரலில் கேட்கும்." அடப்பாவி.

நான் அஞ்சாம் வகுப்பு வரைக்கும்தான். ஆனால் அந்த அஞ்சிலும் என் கையெழுத்துதான் வகுப்பிலேயே முதல். இப்போது பார்த்தாலும் என் மகன் எழுத்தைவிட அழகு. அவன் டிகிரி. எழுதுவது எறும்பு ஊர்ந்த மாதிரி.

மார்ச் 8, சனி

சந்தைக்கு அந்த வழியாகத்தான் போக வேண்டியிருக்கிறது. கட்டடம் இருந்த இடத்தைச் சுற்றி தகரம் அடித்திருக்கிறார்கள். தகரத்தில் ஒரு ஓட்டை. அதில் கண்ணை வைத்துப் பார்க்க வரிசை! வரிசையில் நிற்கிறவர்களுக்கு ஒருத்தன் வறுத்த கடலை விற்கிறான். ஒரு பெண் தன் பிள்ளையைத் தோளில் தூக்கி, "தெரியுதா? தெரியுதா?" என்கிறாள். என்னடி தெரியணும் அதுக்கு?

ஒரு வார்த்தை கேட்டுவிட்டேன். என் குரல்தான் உங்களுக்குத் தெரியுமே — யாரைப் பார்த்துச் சொல்கிறேன், எனக்கு நானேதான். மாவு மில்லில் ஆயுசு பூராவும் நின்றவள். மிஷின் சத்தத்துக்கு மேலே கத்திக் கத்தி எனக்கு மெல்லப் பேச வராது. ரகசியம் சொன்னால் நாலு வீட்டுக்குக் கேட்கும். ஒரு வார்த்தைதான் கேட்டேன், வரிசை கலைந்துவிட்டது. கடலைக்காரன் என்னை முறைத்தான். முறைக்கட்டும்.

வீட்டுக்கு வந்தால் கதவு ஆவென்று திறந்து கிடக்கிறது. மாடிக்குப் போகிறவர்கள் வருகிறவர்கள் எல்லாம் நம் கூடத்து வழியாகத்தான். பொழுது சாய்ந்தால் தாழ்ப்பாள் போட்டுவிடுவது என் வழக்கம். மில்லில் ஒருமுறை மோட்டாரையே கழற்றிக்கொண்டு போனான் ஒருத்தன், அதிலிருந்து. பேத்தி சாயங்கால ஷிப்ட் முடித்து வந்து தட்டினால் நான்தான் எழுந்து திறப்பேன், திட்டிக்கொண்டே. இப்போது யாரைத் திட்ட?

மார்ச் 11, செவ்வாய்

இன்று பின்தெருத் தையல்காரி வந்தாள். ஒரே பெண். பேத்திக்கு அடுத்த இருக்கை. இருவரும் ஒரே பஸ்ஸில் போவார்கள், ஒரே பஸ்ஸில் வருவார்கள். புருஷன் இல்லை. பெண் சம்பாதிக்க ஆரம்பித்த பிறகுதான் கால் மிஷினை விட்டு மோட்டார் மிஷின் வாங்கினாள்.

மற்றவர்களைப் போல அழுது ஆர்ப்பாட்டம் பண்ணவில்லை. நாற்காலி நுனியில் உட்கார்ந்தாள். டீயைத் தொடவில்லை. கொஞ்ச நேரம் கொடியில் காய்கிற துணிகளையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்புறம் கேட்டாள், "உள்ளே இருந்தப்ப என் பொண்ணு ஏதாவது சொன்னாளாம்மா?"

பேத்தி இந்த ஒரு மாதத்தில் எங்களிடம் பேசியது பத்து வார்த்தை இருக்குமா? தெருவில் இவளுக்கு "ரேடியோ" என்று பேர். சின்ன வயதில் வாய் மூடாது. அந்த ரேடியோ செத்துப் போயிற்று என்றே நினைத்திருந்தோம். இன்று நிமிர்ந்து உட்கார்ந்தாள். தெளிவாக, மெதுவாக, ஆபீஸ் குரலில் சொன்னாள்:

"சொன்னா ஆன்ட்டி. 'வீட்ல சொல்லிடுங்க, தாழ்ப்பாள் போட வேணாம், நான் வந்துடுவேன்'னு சொன்னா. வலின்னு சொல்லலை. நல்லாத்தான் பேசினா."

தையல்காரி தலையை ஆட்டினாள். ஆட்டிக்கொண்டே இருந்தாள். என் மருமகள் புடவையை வாயில் அடைத்துக்கொண்டு கீழே ஓடினாள். நானும் — சரி, எழுதுவானேன்.

போகும்போது என் கையைப் பிடித்து, "இது போதும் பெரியம்மா" என்றாள்.

ஷிப்ட் போகிற பெண்கள் இருக்கிற எல்லா வீட்டிலும் தாழ்ப்பாள் சண்டைதான் போலிருக்கிறது.

மார்ச் 12, புதன்

மனநல ஆலோசகராம், ஒரு அம்மாள். பேத்தியைப் படம் வரையச் சொன்னாள். இருபத்திரண்டு வயதுப் பெண்ணுக்கு கலர் பென்சில்! பேத்தி ஒரு வட்டம் போட்டுக் கொடுத்தாள். அதை வைத்துக்கொண்டு அந்தம்மாள் அரை மணி நேரம் தலையை ஆட்டினாள். என்னிடம் கேட்கிறாள், "இந்த வட்டம் என்னன்னு நினைக்கறீங்க?" வட்டம்தான், வேற என்ன?

மார்ச் 16, ஞாயிறு

பஸ் கண்டக்டரின் மனைவி வந்தாள். அவள் பெண்ணும் அதே மூன்றாம் மாடி, ஜன்னல் ஓரம். வந்தவள் கட்டில் காலடியில் தரையில் உட்கார்ந்து, "ஏதாவது சொன்னாளா கண்ணு?" என்றாள்.

பேத்தி நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

"சொன்னா ஆன்ட்டி. வீட்ல சொல்லிடுங்க, தாழ்ப்பாள் போட வேணாம், நான் வந்துடுவேன்னு சொன்னா. வலின்னு சொல்லலை. நல்லாத்தான் பேசினா."

அதே வார்த்தை. அதே குரல். மூச்சு விடுகிற இடம்கூட மாறவில்லை.

நான் டீத் தம்ளரோடு அப்படியே நின்றேன்.

மார்ச் 17, திங்கள்

காலையில் துணி உலர்த்துகிற சாக்கில் மேலே போனேன். மருமகள் வேலைக்குப் போய்விட்டாள்.

"அது யார் குரல்டி?"

"எது?"

"தாழ்ப்பாள்."

குடைக் கம்பியைத் திருகிக்கொண்டிருந்தாள். நான் விடுவேனா? ஈரத்துணியைப் பிழிந்துகொண்டே நின்றேன், பிழிய ஒன்றும் மிச்சமில்லாத பிறகும். கடைசியில் சொன்னாள். உள்ளே கும்மிருட்டாம். ஹெட்போன் காதிலேயே இருந்ததாம். விழுகிறபோது ஒரு ஆளோடு பேசிக்கொண்டிருந்தாளாம், இண்டர்நெட் வரவில்லை என்று சண்டை போட்டவன். விழுந்த பிறகும் அவன் குரல், "ஹலோ? ஹலோ? கட் பண்ணிட்டியா?" என்று கேட்டதாம். அப்புறம் ஒன்றும் இல்லை. அப்புறம் எப்போதோ ஒரு பெண் குரல். அதே வார்த்தையைத் திரும்பத் திரும்ப. ரொம்பக் கிட்டத்தில். யாரென்று தெரியவில்லை. இவள் கூப்பிட்டுப் பார்த்தாளாம். பதில் இல்லை. அந்த வார்த்தை மட்டும் நின்று நின்று வந்ததாம்.

"யாருன்னு தெரியாம ரெண்டு பேருக்கு எப்படிடி கொடுத்தே? ஒண்ணுதானே இருக்கு?"

"அவங்க கேட்டாங்க பாட்டி."

"தெரியலைன்னு சொல்றது!"

"எங்க ஆபீஸ்ல 'இல்லை', 'தெரியலை' ரெண்டும் சொல்லக் கூடாது. சொன்னா மார்க் குறையும். மூணு வருஷமா சொல்லி சொல்லி... வாயில வரலை பாட்டி. அவங்க கேட்ட உடனே இதுதான் வந்துச்சு."

என்ன வேலையடா இது! இல்லாததை இல்லை என்று சொல்லக் கூடாதாம். என் மில்லில் மிளகாய் அரைத்த கல்லில் அரிசி போடு என்றால், முடியாது, போ என்பேன். அதற்காக ஒருத்தரும் திரும்பி வராமல் இல்லை.

"பொய்டி அது," என்றேன். கொஞ்சம் சத்தமாகவே வந்துவிட்டது. எதிர்வீட்டு மாடியில் தலை நீட்டினார்கள். இவள் குடையை இறக்கி முகத்தை மூடிக்கொண்டாள்.

மார்ச் 18, செவ்வாய்

பேசவில்லை. நானும் பேசவில்லை.

மார்ச் 20, வியாழன்

மாடிப்படியில் முதல் படியிலேயே உட்கார்ந்துவிட்டேன். வருகிறவர்களிடம் "தூங்குறா" என்றேன். பொய்தான். நானும் சொன்னேன். ஆனால் என் பொய்யில் யாரும் அழவில்லை.

இருந்தும் இன்னொரு தாய் நுழைந்துவிட்டாள், நான் அடுப்பைப் பார்க்கப் போன நேரத்தில். திரும்பி வந்தபோது கண்ணைத் துடைத்துக்கொண்டு இறங்குகிறாள். "தங்கமான பொண்ணு பாட்டி உங்க பேத்தி. என் பொண்ணு கடைசி வார்த்தையைப் பத்திரமா வெச்சிருந்தா." நான் என்ன சொல்ல? "பார்த்து இறங்கும்மா, படி செங்குத்து" என்றேன்.

மகனிடம் சொன்னேன். "விடும்மா, நாலு பேருக்கு நிம்மதி" என்கிறான். இவன் எப்போதும் இப்படித்தான். வீடு பற்றி எரிந்தாலும் குளிருக்கு நல்லது என்பான்.

மார்ச் 23, ஞாயிறு

நடந்துவிட்டது.

இடிபாட்டில் எடுத்த பைகள், செருப்புகள், சாப்பாட்டு டப்பாக்களை ஒரு பள்ளிக்கூடத்து ஹாலில் மேஜை போட்டு வரிசையாக வைத்திருக்கிறார்கள். அடையாளம் பார்த்து எடுத்துக்கொள்ள வேண்டுமாம். தையல்காரியும் கண்டக்டர் மனைவியும் அங்கே ஒரே மேஜையில் நின்றிருக்கிறார்கள். ஒருத்தி சொல்லியிருக்கிறாள், என் பொண்ணு தாழ்ப்பாள் போட வேணாம்னு சொன்னாளாம். மற்றவள் கையில் இருந்த செருப்பைக் கீழே போட்டிருக்கிறாள்.

இரண்டு பேரும் நேரே இங்கே வந்தார்கள். நான் படியில் இருந்தேன். "தூங்குறா" என்று ஆரம்பித்தேன். தையல்காரி என்னைத் தாண்டிப் போனாள். உட்காரவில்லை.

"உண்மையைச் சொல்லு. எந்தப் பொண்ணு சொன்னது?"

பேத்தி வாயைத் திறந்தாள். ஒன்றும் வரவில்லை.

"என் பொண்ணு பேச்சை ஊருக்கெல்லாம் பங்கு போட்டியா? எச்சில் டம்ளர் மாதிரி ஆளுக்கு ஒரு வாயா?"

கண்டக்டர் மனைவி அவள் கையைப் பிடித்து இழுத்தாள், "வாக்கா, போலாம், வாக்கா." எனக்குப் பொறுக்கவில்லை. "ஏம்மா, புள்ளை ரெண்டு நாள் செத்துப் பொழைச்சு வந்திருக்கு, அவகிட்ட வந்து—" என்று ஆரம்பித்தேன். தையல்காரி திரும்பினாள். சத்தமே போடாமல் சொன்னாள்:

"உங்களுது வந்துருச்சு பெரியம்மா."

ஒதுங்கி நின்று வழி விட்டேன்.

மார்ச் 25, செவ்வாய்

தெரு பூராவும் தெரிந்துவிட்டது. ரேடியோ பொய் சொல்லுதாம். நாற்காலி திருப்பிக் கொடுத்தேன். வர ஆள் இல்லை. மெக்கானிக் எதுவும் சொல்லாமல் வாங்கிக்கொண்டான். அவன் சொல்லியிருக்கலாம்.

இதைத்தானே கேட்டேன், கூட்டம் வரக் கூடாதென்று? கேட்டது கிடைத்துவிட்டது, சந்தோஷமா இப்போ?

மார்ச் 27, வியாழன்

கட்டட முதலாளியின் ஆள் வந்தான். மடிப்புக் கலையாத சட்டை. விசாரணை அடுத்த மாதம் ஒன்பதாம் தேதி. பேத்தி சாட்சி சொல்லப் போகிறாள். என்ன சொல்லப் போகிறாள் என்பது அவர்களுக்குத் தெரியும்: கீழே கடையை அகலப்படுத்த நடுத்தூணை மிஷின் வைத்துக் குடைந்துகொண்டிருந்தார்கள். மூன்றாம் மாடியில் சுவர்ச் சுண்ணாம்பு கீபோர்டில் உதிர்ந்தது. பெண்கள் எழுந்து நின்றபோது சூப்பர்வைசர், "ஹெட்போன் போட்டுக்கங்க, சத்தம் கேக்காது" என்று உட்கார வைத்தான். அவனும் போய்விட்டான், பாவம். அந்த மாடியில் என்ன நடந்தது என்று சொல்ல இவளை விட்டால் நாதி இல்லை. முதலாளியோ மண் சரியில்லை, மழை ஜாஸ்தி என்கிறான். ஜனவரியில் எங்கே மழை?

வந்தவன் ரொம்பப் பரிவு. "பொண்ணுக்கு உடம்பு சரியில்லை. விசாரணைக்கெல்லாம் வந்து கஷ்டப்படணுமா? நாங்க நல்ல ஆஸ்பத்திரில பார்த்துக்கறோம்."

"அவளைப் பார்த்துக்க நாங்க இருக்கோம். நீங்க உங்க மத்த கட்டடங்களைப் போய்ப் பாருங்க, நிக்குதான்னு," என்றேன்.

சிரித்தான். "நாங்க அம்மாங்களையும் விசாரணைக்குக் கூப்பிடுவோம் பாட்டி. செத்தவங்க பேர்ல கதை கட்டற பொண்ணு, தூணைப் பத்தி மட்டும் உண்மை பேசுவாளா?"

கதவைத் திறந்து வைத்துக்கொண்டு நின்றேன். போனான். தாழ்ப்பாள் போட்டேன், பட்டப்பகலில்.

எங்கள் தரப்புப் பெண் வக்கீலுக்கு மகன் போன் செய்தான். அவளும் "சிக்கல்தான் சார்" என்றாளாம். அந்தத் தாய்மார் "எங்களிடம் பொய் சொன்னாள்" என்று ஒரு வார்த்தை சொன்னால் போதுமாம், இவள் சாட்சியம் காற்றில் போய்விடுமாம். தூணும் போச்சு, முதலாளியும் வெளியே.

மார்ச் 30, ஞாயிறு

"நான் போகலை பாட்டி. கூரை இருக்கும் அங்க. அந்த அம்மாங்களும் இருப்பாங்க."

நான் ஒன்றும் சொல்லவில்லை. சொன்னால் தெருவுக்கே கேட்கும்.

ஏப்ரல் 2, புதன்

நான் யார் வீட்டு வாசலிலும் போய் நின்றதில்லை. மில் நஷ்டத்தில் ஓடியபோதுகூட. இன்றைக்கும் மன்னிப்புக் கேட்கப் போகவில்லை. தலையணை உறை இரண்டு தைக்க வேண்டியிருந்தது. துணியை எடுத்துக்கொண்டு தையல்காரி வீட்டுக்குப் போனேன். தைக்க ஊரில் வேறு ஆள் இல்லையா என்று கேட்டால், இல்லை.

துணியை வாங்கி அளவு பார்த்தாள். மோட்டார் மிஷின்மேல் உறை போட்டு மூடியிருந்தது. பழைய கால் மிஷினில் தைத்துக்கொண்டிருந்தாள். சுவரில் பெண்ணின் ஆபீஸ் அடையாள அட்டை மாட்டியிருந்தது.

"ஓரம் மடிச்சுத் தைக்கவா?"

"மடிச்சு."

நூலைக் கோத்துக்கொண்டே சொன்னாள், "எங்க வீட்டுக் கதவைப் பாருங்க பெரியம்மா."

பார்த்தேன். கதவில் ஒரு சின்னக் கொக்கி. காற்றுக்கு ஆடுகிற கொக்கி.

"தாழ்ப்பாளே கிடையாது. எப்பவும் கிடையாது. என் பொண்ணு எப்படி தாழ்ப்பாள் போட வேணாம்னு சொல்லும்?"

நான் எழுந்து போய்க் கொக்கியைத் தொட்டுப் பார்த்தேன்.

"அன்னைக்கு உங்க படி இறங்கறப்பவே தெரியும். தெரிஞ்சுதான் வாங்கிட்டு வந்தேன். வேற யாரும் எனக்கு எதுவும் கொண்டு வரலையே. எனக்குன்னு ஒண்ணு சொன்னாளேன்னு..." மிஷினை இரண்டு மிதி மிதித்தாள். நிறுத்தினாள். "அதையும் ஊருக்கே கொடுத்திருக்கா. அதான் ஆத்திரம்."

"அவளுக்கு இல்லைன்னு சொல்லத் தெரியாது," என்றேன். "வேலை அப்படி."

"என் பொண்ணும்தான். ஒரு நாள் என்கிட்டயே 'உங்கள் பொறுமைக்கு நன்றி'ன்னுச்சு. குழம்பு கொதிக்க லேட்டாச்சுன்னு நான் சொன்னதுக்கு."

சிரிப்பு வந்துவிட்டது. எனக்கு முதலில், அப்புறம் அவளுக்கு. சிரித்துவிட்டு இரண்டு பேரும் எங்கே பார்ப்பதென்று தெரியாமல் தலையணைத் துணியைப் பார்த்தோம்.

விசாரணையைப் பற்றி நான் கேட்கவில்லை. கேட்டால் அதற்காகத்தான் வந்தேன் என்று ஆகிவிடும். அதற்காகத்தான் போனேன். இருந்தாலும் கேட்கவில்லை.

ஏப்ரல் 3, வியாழன்

முழங்கால் வலி. டைரியின் உபதேசம்: "ஒவ்வொரு புகாரும் ஒரு பரிசு." எவன் எழுதுகிறான் இதையெல்லாம்?

ஏப்ரல் 9, புதன்

போனாள். நான் போ என்றும் சொல்லவில்லை, போகாதே என்றும் சொல்லவில்லை. காலையில் அவளே எழுந்து தலை வாரிக்கொண்டாள், ஒற்றைக் கையால். வகிடு கோணல். சரி செய்யப் போனேன், "இருக்கட்டும் பாட்டி" என்றாள்.

பெரிய ஹால். மேலே பழைய உத்தரங்கள், விசிறி ஆடுகிறது. வாசற்படியிலேயே நின்றுவிட்டாள். உள்ளே எல்லோரும் திரும்பிப் பார்க்கிறார்கள். முதலாளி தரப்பு வக்கீல் கடிகாரத்தைப் பார்க்கிறார். விசாரணை அதிகாரி என்ன பிரச்சினை என்றார். "கதவு திறந்திருந்தா வரேன் சார்" என்றாள். அவர் ப்யூனைக் கூப்பிட்டு இரண்டு கதவையும் விரியத் திறந்து கல் வைக்கச் சொன்னார். இவள் நாற்காலியை வாசல் ஓரமாகவே போடச் சொன்னார். நல்ல மனுஷன். இந்த இரண்டு மாதத்தில் பார்த்த ஒரே புத்திசாலி.

சொன்னாள். தூண், மிஷின் சத்தம், சுண்ணாம்பு, ஹெட்போன். ஆபீஸ் குரலில் இல்லை. நடுநடுவே திக்கியது. அது பழைய ரேடியோ குரல்.

வக்கீல் எழுந்தார். இவளிடம் தூணைப் பற்றி ஒன்றுமே கேட்கவில்லை. "இறந்தவர்கள் பேசியதாக நீங்கள் எத்தனை தாய்மாரிடம் சொன்னீர்கள்?" என்றார்.

"மூணு பேர்."

"யார் பேசியது?"

இவள் என்னைப் பார்த்தாள். அப்புறம் சொன்னாள், "தெரியலை."

அந்த ஒரு வார்த்தை அவள் வாயில் வருவதற்கு எவ்வளவு நேரம் ஆயிற்று! வக்கீலுக்கு முகமெல்லாம் மலர்ச்சி. தையல்காரியைக் கூப்பிட்டார். வந்து நின்றாள். தோளில் அளவு நாடா, எடுக்க மறந்து வந்திருக்கிறாள்.

"இந்தப் பெண் உங்களிடம் உங்கள் மகள் பேசியதாக ஏதோ சொன்னாரா?"

"சொன்னா."

"அது பொய் என்று உங்களுக்குத் தெரியுமா?"

பக்கத்தில் மகன் என் கையைப் பிடித்தான், வலிக்கிற மாதிரி.

"அது எங்க வீட்டுப் பேச்சு," என்றாள் தையல்காரி. "உங்களுக்கு எதுக்கு அது? நீங்க தூணைப் பத்திக் கேளுங்க."

"அம்மா, கேட்ட கேள்விக்கு—"

"என் பொண்ணும் கட்டடம் விழறதுக்கு முந்தின நாள் வீட்டுக்கு வந்து அதேதான் சொன்னா. மேஜையில சுண்ணாம்பு விழுதும்மா, தும்மல் வருதுன்னா. தலையில சுண்ணாம்பு, நான்தான் தட்டிவிட்டேன். எழுதிக்கங்க."

அதிகாரி எழுதிக்கொண்டார். அடுத்து கண்டக்டர் மனைவியைக் கூப்பிட்டார்கள். அவள் நாற்காலிக்கு வந்து சேருவதற்குள்ளேயே ஆரம்பித்துவிட்டாள், "எனக்கும் அதேதான். தூணைப் பத்திக் கேளுங்க." யாரோ சிரித்தார்கள். வக்கீல் உட்கார்ந்தார்.

ஏப்ரல் 10, வியாழன்

நேற்று முழுவதையும் எழுதவில்லை. எழுத வரவில்லை.

வராந்தாவில் ஒரு தீயணைப்புக்காரர் உட்கார்ந்திருந்தார். அவரும் சாட்சி. பேத்தியைத் தோண்டி எடுத்தவர்களில் ஒருத்தர். பேத்தியோடு நான் வந்ததைப் பார்த்திருக்கிறார், என்னைக் கண்டதும் எழுந்து நின்றார்.

"தாழ்ப்பாள் பாட்டி நீங்கதானே?"

"என்னப்பா?"

"ரெண்டாவது நாள் அந்தப் பக்கம் ஒரே ஒரு குரல்தாம்மா கேட்டுச்சு. அதை வெச்சுத்தான் தோண்டினோம். 'வீட்ல சொல்லிடுங்க, தாழ்ப்பாள் போட வேணாம், நான் வந்துடுவேன்.' விடாம அதேதான். எடுத்தப்ப பாதி மயக்கம், அப்பவும் அதேதான். யாரும்மா தாழ்ப்பாள் போடுவாங்கன்னு கேட்டேன். எங்க பாட்டின்னுச்சு." சிரித்தார். "நல்லா இருக்கா இல்ல? வீட்டுக்கு வந்துட்டா இல்ல?"

வந்துட்டாப்பா. வந்துட்டா.

வேற குரலே இல்லையா? ஒண்ணுகூட? கேட்கலாம் என்று வாயைத் திறந்தேன். பின்னால் தையல்காரி வந்து நின்றுகொண்டிருந்தாள். "என்ன பெரியம்மா சொல்றார்?"

எனக்கு மெல்லப் பேச வராது. அதனால் பேசவே இல்லை. தலையை ஆட்டினேன். தீயணைப்புக்காரரை உள்ளே கூப்பிட்டார்கள். நல்லவேளை, வக்கீல் அவரிடம் கிரேன் எப்போது வந்தது என்று மட்டும்தான் கேட்டார்.

பேத்தியிடம் சொல்லவா? அவள் கேட்டது அவள் குரலையேதானா? இவளுக்கே தெரியாமல்... சீ. என்னத்துக்கு? யாருக்கு என்ன லாபம்? பொய்யைப் பொய் என்று சொல்லித்தான் பழக்கம் எனக்கு. இது என்ன, பொய்யும் இல்லை. அவள் தன்னுடையதைத்தான் கொடுத்திருக்கிறாள். வேறு யாருடையதையும் இல்லை.

கடவுளே, இந்தப் பெண்ணோடு என்னால் முடியவில்லை.

ஏப்ரல் 13, ஞாயிறு

கட்டிலைக் கீழே இறக்கினோம். கூடத்தில், கதவுக்கு நேர் எதிரே. மெக்கானிக் வந்து ஒரு கை பிடித்தான். "நாற்காலி எதுவும் வேணுமா பாட்டி?" என்றான். ஓடு என்றேன்.

கதவு திறந்தே கிடக்கிறது. ஊரில் இருக்கிற கொசு எல்லாம் உள்ளே. மருமகள், "தாழ்ப்பாள் போடலையா அத்தை?" என்றாள். கை வலிக்குது என்றேன்.

ஏப்ரல் 20, ஞாயிறு

தலையணை உறை வாங்கப் போனேன். அழகாக ஓரம் மடித்துத் தைத்திருந்தாள். காசு வாங்க மாட்டேன் என்றாள், மேஜையில் வைத்துவிட்டேன். மோட்டார் மிஷினின் உறையை எடுத்திருக்கிறாள்.

எழுந்து வரும்போதுதான் கதவைப் பார்த்தேன். கொக்கி இல்லை. புதுத் தாழ்ப்பாள், பித்தளை, திருகாணிகூட மங்கவில்லை. தச்சரை வரவழைத்துப் போட்டதாம்.

"கண்டக்டர் வீட்டு அக்கா கேட்டுது, இப்ப எதுக்குடி உனக்குத் தாழ்ப்பாள்னு," என்றாள். தாழ்ப்பாளை விரலால் ஒருமுறை தள்ளி, திரும்ப இழுத்து விட்டாள். எண்ணெய் போட்ட மாதிரி நகர்ந்தது. "போடறதில்லை பெரியம்மா. திறந்துதான் வெக்கறேன்."

நல்ல தாழ்ப்பாள் என்றேன்.

மெல்லத்தான் சொன்னேன்.